முகத்தைப் பார்த்துப் பேசு

"பார்வை: போதுமானது" என்று சான்று மையத்தின் திரையில் எழுத்து வந்ததும், அந்த மேசையைப் புரட்டிப் போட்டுவிடலாமா என்றிருந்தது எனக்கு. பக்கத்தில் நின்ற மருதாயி அக்கா, என்னா வந்திருக்கு என்று என் கையைச் சுரண்டினாள். திரை எந்தப் பக்கம் இருக்கிறது என்றுகூட அவளுக்குத் தெரியாது. கண்ணில் அழுத்தம் ஏறி, கவனிக்காமல் விட்டு, ஆறு வருஷத்துக்கு முன்னால் இரண்டு கண்ணும் போய்விட்டது. வெயிலா நிழலா என்பது மட்டும் தெரியும்.

வாசித்துச் சொன்னேன். அவள் சிரித்துவிட்டாள். டாக்டர் கைவிட்டதை மிஷின் குணப்படுத்திவிட்டதே, போகிற வழியில் ஒரு தேங்காய் உடைத்துவிட்டுப் போவோம் என்றாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

என் பெயர் அமலோற்பவம். திருச்சி காந்தி மார்க்கெட் ஓரம் நடைபாதையில் ஒரு மடக்கு மேசை, ஒரு பெரிய குடை, ஒரு டேப்லெட். இதுதான் என் ஆபீஸ். ரோட்டோரம் கிடக்கிற மாற்றுத்திறனாளிகளுக்கு அரசு உதவி கேட்டு மனுப் போட்டுக் கொடுப்பது வேலை. ஒப்பந்த வேலைதான், ஆனால் தங்க விடுதியும் சேர்த்துக் கொடுத்திருந்தார்கள். வாய் ஜாஸ்தி, முன்கோபம் அதைவிட ஜாஸ்தி என்று மார்க்கெட் முழுக்க எனக்குப் பெயர். யார் வந்து உட்கார்ந்தாலும் என் முதல் வார்த்தை, "முகத்தைப் பார்த்துப் பேசு." தலையைக் குனிந்து முணுமுணுத்தால் அதட்டுவேன். வாயைக் கையால் மூடிக்கொண்டு பேசினால் கையைத் தட்டிவிடுவேன். ரோட்டில் குனிந்தே பழகினவர்களை நிமிர வைக்கிறாள் என்று சிலர் பெருமையாகக்கூடச் சொல்வார்கள். மருதாயி அக்கா தன் கண்ணுக்கு மனுப் போட முதல் நாள் வந்தபோது அவளிடமும் அதையேதான் சொன்னேன். கண் தெரியாதவளிடம் போய்! சொன்ன பிறகுதான் உறைத்தது. அவள் கோபித்துக்கொள்ளவில்லை. கொஞ்ச நாளிலேயே, என்னிடம் எது பேசினாலும் மோவாயைத் தூக்கி, நேராக என் பக்கம் திரும்பித்தான் பேசுவாள்.

மனு சமாச்சாரம் முன்னே மாதிரி இல்லை. முன்னெல்லாம் குடும்ப அட்டை, முகவரி, மருத்துவச் சான்று என்று ஒரு கத்தை காகிதம் கேட்பார்கள். ரோட்டில் இருப்பவரிடம் அதில் ஒன்றுகூட இருக்காது. 'நேர்ச்சான்று' வந்த பிறகு காகிதமே வேண்டாம். பெயரைச் சொல்லி முகத்தைக் காட்டினால் போதும். தெருக் கம்பங்களில் இருக்கிற காமிராக்கள் இருபத்தோரு நாள் அந்த ஆளைப் பார்க்கும். எப்படி நடக்கிறார், எப்படிச் சோறு பிசைகிறார், எங்கே தடுமாறுகிறார் என்று எல்லாம் பார்த்து, குறை எவ்வளவு என்று தானே எழுதிவிடும். லஞ்சம் இல்லை, அலைச்சல் இல்லை. வந்த புதிதில் நானே கைதட்டினேன். காலில்லாத நாலு பேருக்கு ஒரே மாதத்தில் அறை கிடைத்தது. நடைபாதை ஜனங்கள் அந்தக் காமிராப் பெட்டிக்குக் காக்காக்கூடு என்று பேர் வைத்துவிட்டார்கள்.

அக்காவுக்கு அவசரம் இருந்தது. அடுத்த மாதம் ஒன்றாம் தேதி மார்க்கெட் நடைபாதையை மொத்தமாகக் காலி செய்கிறார்கள். சான்று உள்ளவர்களுக்கு ஊருக்குள் இருக்கிற இல்லத்தில், தரைத்தளத்தில் ஒரு அறை. இல்லாதவர்களுக்கு நாற்பது கிலோமீட்டர் தள்ளி, பழைய கல்குவாரி ஓரத்தில் தகரக் கொட்டகை. நான் ஒரு தடவை போய்ப் பார்த்தேன். குவாரிக்கு வேலி கிடையாது. ஆழமான பள்ளத்தில் பச்சையாகத் தண்ணீர் நிற்கிறது. கொட்டகை வாசலுக்கும் அந்தப் பள்ளத்துக்கும் நடுவில் ஒரு முள்செடிகூட இல்லை. ஒன்றாம் தேதிக்கு அப்போது இருபத்தைந்து நாள் இருந்தது.

சான்று மையத்தில் அதிகாரி தௌபீக் சார். நல்ல மனுஷர், நாற்பத்தைந்து வயசிருக்கும், யாரையும் ஒருமையில் பேசமாட்டார். நான் கத்துகிற வரைக்கும் கத்தட்டும் என்று விட்டுவிட்டு, திரையை என் பக்கம் திருப்பினார்.

"நீங்களே பாருங்க மேடம். சாக்கடை மூடி இல்லாத எடத்தைக் கரெக்டா தாண்டுறாங்க. மாடு வந்தா ஒதுங்குறாங்க. எதுக்க வர்ற பொம்பளைகிட்ட சேலை நல்லாருக்குங்கறாங்க. இவங்களுக்குக் கண்ணு தெரியாதுன்னா நீங்க நம்புவீங்களா?"

டாக்டரிடம் ஒரு தடவை காட்டினால் ஒரு நிமிஷத்தில் தெரிந்துவிடுமே என்றேன். டாக்டர் சான்று இப்போது செல்லாது, அதில் பொய் மலிந்துபோனதால்தானே இதைக் கொண்டுவந்தார்கள் என்றார். மறுபரிசீலனை ஒரே ஒரு தடவை உண்டு. அதற்கும் இருபத்தோரு நாள் பார்க்கும். அதோடு சரி.

வெளியே வந்ததும் அக்காவைப் பிடித்துக்கொண்டேன். சேலை நல்லா இருக்கு என்று எதற்காகச் சொன்னாய்?

அவள் நடைபாதையில் உட்கார்ந்து ஹோட்டல்களுக்குச் சின்ன வெங்காயம் உரித்துக் கொடுக்கிறவள். விரலே பார்த்துவிடும், அழுகினது எது நல்லது எது என்று. தன் இடத்துக்கு வந்து உட்கார்ந்து, உரித்துக்கொண்டேதான் சொன்னாள். கண் போன புதிதில், அவளுக்கு இரண்டு இடம் தள்ளி கமலம் என்று ஒருத்தி இருந்தாளாம். பிறவியிலேயே கண் தெரியாதவள். ஊருக்கே தெரியும். முதலில் அவளுடைய சட்டி போனது, அப்புறம் போர்வை, அப்புறம் உட்கார்ந்திருந்த இடமே போனது. கடைசியில் ஒரு நாள் அவளே இல்லை. யாரும் தேடவும் இல்லை. அதைப் பார்த்த, இல்லை, கேட்ட மருதாயி அக்கா அன்றைக்கே முடிவு செய்துவிட்டாள். தன் கண் போனது ஒருத்தருக்கும் தெரியக் கூடாது. இடத்திலிருந்து குழாய்க்கு முப்பத்து நாலு எட்டு. டீக்கடைக்குப் பத்தொன்பது, சாக்கடையைத் தாண்டி இடது பக்கம் ஆறு. மாட்டை மூச்சில் கண்டுபிடிப்பாள். புதுச் சேலை மொடமொடவென்று சத்தம் போடுமாம், அதனால் நல்லா இருக்கு என்று சொல்லிவைப்பாள். ஆறு வருஷமாக அந்த வரிசையில் யாருக்கும் தெரியாது. அவ்வளவு கெட்டிக்காரி. அந்தக் கெட்டிக்காரத்தனம்தான் இப்போது அவள் கழுத்துக்குக் கத்தி வைத்தது.

இனிமேல் மறைக்காதே அக்கா என்றேன். குச்சி வாங்கித் தருகிறேன், தடவித் தடவி நட, ஆளைக் கூப்பிட்டுக் கையைப் பிடித்துக்கொள், உள்ளபடி இரு, பொய்கூட இல்லையே என்றேன். அவள் வெங்காயத்தைக் கீழே வைத்தாள்.

"இருபத்தோரு நாளு நான் குருடியா இருந்துருவேன் அமலி. இருபத்திரெண்டாம் நாளு நான் இங்க உசுரோட இருக்கணுமே."

நான் பக்கத்திலேயே இருக்கிறேன் என்று வாக்குக் கொடுத்தேன். மேசையை அவள் இடத்துக்கு ஒட்டியே கொண்டுவந்து போட்டேன். காலை ஏழிலிருந்து இருட்டுகிற வரைக்கும் நான் இருப்பேன். இருட்டினதும் அவளை மாதா கோயில் காவலாளியின் மனைவியிடம் விட்டுவிட்டுப் போவேன்.

வெள்ளைக் குச்சியோடு அவள் நடந்த முதல் நாளே வரிசை முழுக்க வாயைப் பிளந்தது. இரண்டாம் நாள் ஒருத்தி, இத்தனை நாள் ஏமாற்றினாயா என்று சண்டைக்கு வந்தாள். நாலாம் நாள் வெங்காயக்கூடை காணவில்லை. ஆறாம் நாள் ஹோட்டல்காரர், கண் தெரியாதவள் கையில் கத்தி இருப்பது வம்பு என்று வேலையை நிறுத்திவிட்டார். அவரிடம் நான் போய்க் கத்தினேன், பிரயோஜனமில்லை. பத்தாம் நாள் அவளுடைய அலுமினியச் சட்டி போனது. ஒவ்வொன்று போகும்போதும் அக்கா, கமலத்துக்குப் போன வரிசையிலேயே போகுது பாரு என்பாள். சிரித்துக்கொண்டுதான் சொல்வாள், ஆனால் விரல் சும்மா இருக்காது, உரிக்க வெங்காயம் இல்லாமல் முந்தானையை உரித்துக்கொண்டிருக்கும். காக்காக்கூட்டை நிமிர்ந்து நிமிர்ந்து பார்ப்பேன். எல்லாவற்றையும் அது பார்த்துக்கொண்டுதான் இருந்தது. திருடனைப் பிடிப்பது அதன் வேலை இல்லை.

பதினைந்தாம் நாள் மத்தியானம். மார்க்கெட் அடங்கிக் கிடந்தது. நான் வேறொருவருக்கு மனு எழுதிக்கொண்டிருந்தேன், அக்காவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு. இரண்டு நாளாக அவளையே சுற்றிக்கொண்டிருந்த ஒரு குடிகாரன் வந்து உட்கார்ந்திருக்கிறான். குச்சியைப் பிடுங்கியிருக்கிறான். மணிக்கட்டைப் பிடித்து இழுத்திருக்கிறான். அவள் அமலி என்று கூப்பிட்டிருக்கிறாள். மூன்று தடவை. நாலு அடி தூரத்தில் இருந்தேன் நான்.

எனக்குக் கேட்கவில்லை. இதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். எனக்கு வலது காது சின்ன வயசிலிருந்தே கிடையாது. இடது காதும் நாலு வருஷமாகக் கொஞ்சம் கொஞ்சமாகப் போய்க்கொண்டிருக்கிறது. உதட்டைப் பார்த்துத்தான் பேச்சைப் பிடிக்கிறேன். முகத்தைப் பார்த்துப் பேசு என்று ஊரை அதட்டுவதெல்லாம் அதற்குத்தான். என் வேலைக்குக் கண்ணும் காதும் குறையில்லாமல் இருக்க வேண்டும் என்று விதி. காதில் மிஷின் மாட்டினால் அன்றைக்கே சீட்டைக் கிழித்துவிடுவார்கள். வேலை போனால் விடுதி போகும். அதனால் கோபக்காரியாக இருந்துகொண்டேன். கோபக்காரியிடம் யாரும் பின்னாலிருந்து பேச மாட்டார்கள்.

எதிரே உட்கார்ந்திருந்தவர் என் தோளுக்குப் பின்னால் பார்த்து முகம் வெளிறியபோதுதான் திரும்பினேன். அக்கா அவன் கையைக் கடித்துவிட்டு ஓடிக்கொண்டிருந்தாள். குச்சி இல்லை. சாக்கடையைத் தாண்டி, இடது பக்கம் ஆறு எட்டு, ரோட்டில் வந்த ஆட்டோவுக்கு விலகி, நேராக டீக்கடை பெஞ்சில் போய் விழுந்தாள். ஒரு பிசகு இல்லை. நான் போய் அவளைக் கட்டிக்கொண்டேன். அவள் என் முகத்துக்கு நேராகத் திரும்பி, கூப்பிட்டேன் என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். நான் வேலை மும்முரத்தில் கவனிக்கவில்லை என்று பொய் சொன்னேன். என் வாழ்க்கையிலேயே கேவலமான பொய் அது.

அந்த ஓட்டத்தோடு எல்லாம் போச்சு என்றுதான் மிச்ச நாளெல்லாம் செத்துப் பிழைத்தேன். முடிவு வந்தபோது ஒன்றாம் தேதிக்கு மூன்று நாள் இருந்தது. அக்காவை மாதா கோயிலில் விட்டுவிட்டு நான் மட்டும் போனேன்.

"பார்வை: போதுமானது."

தௌபீக் சார் கதவைச் சாத்திவிட்டு வந்து, என் எதிரே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார். அன்றைக்கு அவர் நிதானமாக, நேராக என் முகத்தைப் பார்த்துப் பேசினார்.

அந்த ஓட்டத்தை அது கழித்துவிட்டதாம். உயிர்ப்பயத்தில் ஓடினதைக் கணக்கில் எடுக்காத அளவுக்கு அதற்குப் புத்தி இருக்கிறது. குச்சி வைத்து நடந்தது, தடுக்கி விழுந்தது எல்லாம் ஒழுங்காகக் குறித்திருக்கிறது. பிரச்சினை வேறே என்று சொல்லி ஒரு படத்தை ஓடவிட்டார். நானும் அக்காவும். நான் மேசையை விட்டு எழுந்து குடைப் பக்கம் போகிறேன். அக்காவின் முகம் என்னோடு வருகிறது. சுற்றிக்கொண்டு அந்தப் பக்கம் போகிறேன். முகமும் வருகிறது. நான் நின்ற பிறகு, மோவாயைத் தூக்கி, என் முகத்துக்கு நேராக ஏதோ சொல்கிறாள்.

"நீங்க வாயே தொறக்கல மேடம். ஆனா அவங்க மொகம் உங்க கூடவே வருது. ஒரு தடவை இல்ல, முந்நூறு தடவைக்கு மேல. கண்ணு தெரியாதவங்க காதைத்தான் திருப்புவாங்க, மொகத்தை இல்லன்னு அது எடுத்துக்குது. வேற காரணம் இருக்க முடியுமான்னு நானும் யோசிச்சேன்."

காரணம் எனக்குத் தெரியும். சொல்ல வாய் வரவில்லை. அவர் அடுத்த பக்கத்தைத் தட்டினார். என் படம் இருந்தது. என் பெயர், என் வயசு. இருபத்தோரு நாளில் என்னைப் பின்னாலிருந்து கூப்பிட்டது எத்தனை தடவை, நான் திரும்பியது எத்தனை தடவை என்று ஒரு பட்டியல். அடியில், "கேள்திறன்: போதாது. தகுதி உண்டு."

"நீங்க மனுப் போடல. அதுவா எழுதிடுச்சு," என்றார். "நாளைக்கு சாயந்தரம் வரைக்கும் நிறுத்தி வச்சிருக்கேன். இல்லைன்னு ஒரு வரி எழுதிக் கொடுங்க, எதுக்க உக்காந்து நானே சோதனை பண்றேன். நீங்க பாஸாயிடுவீங்க, எனக்குத் தெரியும். ஆமாம்னு ஒத்துக்கிட்டா வேலை போயிடும்மா."

ஒத்துக்கொண்டால் வேறு என்ன என்று கேட்டேன். இல்லத்தில் ஒரு அறை, மாசாமாசம் உதவித்தொகை. சொந்த வீடில்லாதவர்தானே நீங்களும் என்றார். கூட ஒரு துணையாளர் தங்கலாம். துணையாளருக்குக் கண், காது குறைவில்லாமல் இருக்க வேண்டும் என்பது விதி.

நேராக மாதா கோயிலுக்குப் போய் அக்கா முன்னால் நின்று கத்தினேன். என் முகம் எங்கே இருக்கிறது என்று உனக்கு எப்படித் தெரியும், ஏன் இப்படிச் செய்தாய், உன் தலையில் நீயே மண்ணை அள்ளிப் போட்டுக்கொண்டாயே என்று கத்தினேன். அவள் பொறுமையாகக் கேட்டுவிட்டு, வழக்கம்போல என் பக்கம் முகத்தைத் தூக்கினாள்.

"உன் செருப்பு கீச்சு கீச்சுன்னு கத்துதே, அது ஒனக்குத் தெரியாதா?"

தெரியாது. மூன்று வருஷமாகப் போட்டிருக்கிற செருப்பு. ஒருத்தரும் சொன்னதில்லை, சொல்லியிருந்தாலும் எந்தப் பக்கம் நின்று சொன்னார்களோ.

என் காது விஷயம் முதல் வாரமே தெரியும் என்றாள். எனக்குப் பின்னால் ஒரு லாரி ஹாரன் அடித்ததாம். எல்லார் காலும் நகர்ந்தது, என் செருப்பு மட்டும் நகரவில்லையாம். சரி, இவளும் நம்மைப் போல மறைத்துப் பிழைக்கிறவள் என்று நினைத்துக்கொண்டு, அன்றிலிருந்து செருப்புச் சத்தம் நின்ற இடத்தைப் பார்த்து முகத்தைத் திருப்பிப் பேசப் பழகிக்கொண்டாள். அப்படியென்றால் அந்தக் குடிகாரன் வந்த அன்றைக்கு, எனக்குக் கேட்காது என்று தெரிந்தும் ஏன் என்னைக் கூப்பிட்டாய் என்று கேட்டேன்.

"வேற யாரு இருக்கா?" என்றாள்.

நான் கோயில் படியில் உட்கார்ந்து அழுதேன். அழுகிற சத்தம் எனக்கே கேட்கவில்லை, அவள்தான் மெதுவா, மெதுவா என்று முதுகைத் தட்டினாள். மறுபரிசீலனை முடிந்துவிட்டது, மூன்றாம் நாள் லாரி வரும், குவாரி ஓரத்தில் அவளுக்கு ஒரு எட்டுக்கும் கணக்குக் கிடையாது என்பதையெல்லாம் சொன்னேன். பள்ளத்தைப் பற்றி மட்டும் அதுவரைக்கும் சொல்லாமல் வைத்திருந்தேன், அதையும் சொல்லிவிட்டேன். அவள் முந்தானையை உரித்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் சாயந்தரம் தௌபீக் சார் முன்னால் உட்கார்ந்தேன். பதினோரு வருஷ வேலை. இனிமேல் எந்த ஆபீசிலும், எந்தப் பதிவேட்டிலும் நான் செவிடிதான், மாற்ற முடியாது. 'ஒத்துக்கொள்கிறேன்' என்ற இடத்தில் விரலை வைத்தேன். அடுத்து, துணையாளர் பெயர் கேட்டது. மருதாயி என்று எழுதினேன். உறவுமுறை என்ற இடத்தில் அக்கா என்று போட்டேன்.

அவர் வாசித்தார். திரும்பவும் வாசித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டார். பொய் என்று சொல்லிவிடுவாரோ என்று அவர் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"துணையாளருக்குக் கண்ணு நல்லாத் தெரியணும்," என்றார். "அதுக்குச் சான்று வேணும்."

"உங்ககிட்டயே இருக்கே சார். ரெண்டு தடவை குடுத்திருக்கீங்க."

அவர் என்னைப் பார்க்கவில்லை. பொத்தானை அமுக்கிவிட்டு, கீழே குனிந்தபடி ஏதோ சொன்னார். உதடு தெரியவில்லை. என்ன சொன்னார் என்று இன்றைக்கு வரைக்கும் எனக்குத் தெரியாது.

ஒன்றாம் தேதி காலையில், மார்க்கெட் வாசலுக்கு லாரி வந்த நேரத்தில், நாங்கள் இல்லத்தில் இருந்தோம். சின்ன அறை, இரண்டு கட்டில், ஒரு ஜன்னல், புதுப் பெயின்ட் வாசனை. வாசலில் வார்டன் நின்று சாவியைக் கொடுத்தார். கதவுக்கு மேலே உள்பக்கமாக ஒரு காக்காக்கூடு இருந்தது. வருஷத்துக்கு ஒரு தடவை துணையாளரையும் சரிபார்ப்பார்களாம், வார்டன் சொன்னதை உதட்டில் படித்தேன். அக்காவும் கேட்டுக்கொண்டாள்.

அவர் போன பிறகு அக்கா என் முகத்துக்கு நேராகத் திரும்பி, சத்தமே வராமல் உதட்டை மட்டும் அசைத்து, எங்கே இருக்கு என்று கேட்டாள். நான் அவள் கையைப் பிடித்து, உள்ளங்கையில் விரலால் காட்டினேன், கதவுக்கு மேலே, வலது ஓரம். அவள் கதவிலிருந்து கட்டிலுக்கு ஒரு தடவை நடந்தாள். கட்டிலிலிருந்து ஜன்னலுக்கு ஒரு தடவை. உதடு மட்டும் எண்ணிக்கொண்டிருந்தது, ஏழு, நாலு. அப்புறம் அறை நடுவில் நின்று, தலையைத் தூக்கி, அந்தக் காமிராவைச் சரியாக நேருக்கு நேர் பார்த்தாள்.

"பரவாயில்ல அமலி," என்றாள். "பெயின்ட்டு நல்லாத்தான் அடிச்சிருக்காங்க."